குழாயடியில் ஒரு பெரிய கும்பிடு

ஒலிபெருக்கியை மனமில்லாமல் எனக்கு விட்டுத் தந்திருக்கும் திரைப்படக் கழகத் தலைவர் அவர்களே, இருக்கை கிடைக்காமல் சுவரைத் தாங்கி நிற்கும் பெரியோர்களே, துணி துவைத்த ஈரம் கையில் காயுமுன் வந்திருக்கும் தாய்மார்களே, மூன்றாம் வரிசையில் என்னை முறைத்துக்கொண்டிருக்கும் என் அத்தையே, வணக்கம்.

துரைமார் ஆண்ட காலத்தில் அவர்கள் எடுத்த குறும்படத்தை இப்போது பார்த்தோம். பார்த்தீர்களா அந்தப் பரிவை? தாகத்தில் தவித்த தெருவுக்குத் தண்ணீர்க் குழாய் தந்த தயாளர்கள்! குழாயடியில் ஓர் இளம்பெண் கைகூப்ப, "எஜமானர்களுக்கு நன்றி சொல்கிறாள்" என்று பின்னணிக் குரல் உருகுகிறது. கல்லும் கரையும், நாம்தான் கரையவில்லை.

அந்தக் குழாய்க்குத் தண்ணீர் எங்கிருந்து வந்தது? சுவருக்குப் பின்னால் ஒரு தொட்டி. தொட்டியை நிரப்பியது யார்? ஆற்றிலிருந்து சுமந்து வந்த இதே பெண்கள்! இனிமேல் குடம் சுமக்க வேண்டாம் என்று காட்டுவதற்காகக் காலையிலிருந்து குடம் சுமக்க வைத்தார்கள். சிரிக்காதீர்கள் ஐயா, அத்தைக்கு இடுப்பு வலி இன்னும் போகவில்லை. படம் முடிந்ததும் குழாயைக் கழற்றி அடுத்த ஊருக்குக் கொண்டு போனார்கள். அங்கேயும் கருணை காட்ட வேண்டாமா?

ஆம், அந்த இளம்பெண் என் அத்தைதான். படம் ஊர் ஊராக ஓடியது; தெருவில் அவருக்கு 'நன்றிக்காரி' என்று பெயர் விழுந்தது. துரைக்கு வால் பிடித்தவள் என்று பெண் கேட்டு வந்தவர்களும் திரும்பிப் போனார்கள். நன்றி சொல்லவே இல்லை என்று அவர் சொன்னதை யாரும் நம்பவில்லை. திரையே பேசும்போது தெருக்காரி பேச்சு எடுபடுமா?

தலைவர் அவர்களே, ஒலியை நிறுத்திவிட்டு அந்தக் காட்சியை மறுபடி ஓட்டச் சொல்லுங்கள். என்ன, பின்னால் யாரோ "பேச்சு போதும், படத்தப் போடு" என்கிறீர்களே? அதைத்தான் ஐயா நானும் கேட்கிறேன்! இதோ ஓடுகிறது. அத்தை, திரையில் உதடு அசையும்போது நீங்களே சொல்லுங்கள்.

கேட்டீர்களா? கடைசி வரிசைக்காக நான் திரும்பச் சொல்கிறேன்: "எத்தன தடவதான் எடுப்பீங்க, தொட்டியில தண்ணி தீந்துபோச்சு. உங்களுக்கு ஒரு பெரிய கும்பிடு, ஆள விடுங்கய்யா."

உதடும் சொல்லும் ஒட்டியதைக் கண்ணால் கண்டீர்கள். கும்பிட்டால் நன்றி என்று நினைத்தார் துரை. அவருக்குத் தெரியாது, போகட்டும். ஆளை விடச் சொல்லி அன்றாடம் கும்பிடுகிற நமக்குமா தெரியாமல் போனது?

முடிக்கும்போது நன்றி சொல்வது முறை. அந்தச் சொல்லை அத்தை பெயரிலிருந்து கழற்றி, காது கொடுத்த உங்களுக்கே தருகிறேன்: நன்றி. பெரியோர்களுக்கும் தாய்மார்களுக்கும் வணக்கம். படம் பிடித்த துரைமாருக்கு, அத்தை அன்று போட்ட அதே பெரிய கும்பிடு!