சைக்கிள் ஷெட்டும் மம்ப்சிமஸும்

ஃபேனைக் கொஞ்சம் அந்தப் பக்கம் திருப்பச் சொல்றேளா சார்? இல்லேன்னா பரவாயில்லை, நாற்காலியை நானே இப்படி நகர்த்திப் போட்டுக்கறேன். காத்து நேரா மூஞ்சியில அடிச்சா எனக்கு மூக்கடைச்சுக்கும். எங்கே போனாலும் காத்து எந்தப் பக்கத்துலேர்ந்து வரதுன்னு பாத்துட்டுத்தான் உக்காருவேன். ரயில்லயும் அப்படித்தான். சின்ன வயசுப் பழக்கம்.

விசாரணைக்கு நீங்க என்னைக் கூப்பிடலை, நானேதான் வந்தேன். மே மாசம் எங்க கம்பெனியில கேஸ் கசிஞ்சு ஏழு பேர் போனாளே, அதுக்குக் காரணம் 'ஆபீஸ் சூப்பரின்டென்டென்ட் சடகோபனின் கிளரிக்கல் எரர்'னு ரிப்போர்ட்டுல போட்டிருக்காளாம். அதைக் கேட்டதுலேர்ந்து எனக்குத் தூக்கமே இல்லை. என்னைப் பொறுப்பாக்கட்டும், வேண்டாங்கலை. ஆனா கிளரிக்கல் எரரா? என் டிராஃப்டுல ஒரு கமா இடம் மாறி யாராவது பாத்திருக்காளா? குமாஸ்தா தூக்கக் கலக்கத்துல பண்ற காரியம் சார் அது. அந்த வார்த்தையை எடுத்துட்டு சரியான வார்த்தையைப் போடச் சொல்லணும். அதுக்காகத்தான் நடந்ததை முழுக்கச் சொல்றேன்.

எனக்கு இங்கிலீஷ் வார்த்தைன்னா பைத்தியம். திருவள்ளூர்ல ரயில் ஏறி, பேசின் பிரிட்ஜ்ல வண்டி மாறி, கும்மிடிப்பூண்டி போய் இறங்கறதுக்குள்ள தினம் ஒரு வார்த்தை சொல்லுவேன். எங்க பெட்டியில அதுக்குன்னே ஒரு கூட்டம். ஸ்டீல் கம்பெனிக்காரா, கெமிக்கல்காரா, ஹார்பர் குமாஸ்தா ரெண்டு பேர். 'சடகோபன் சார், இன்னைக்கு இன்னா வார்த்தை?'ன்னு கேட்டுண்டே இடம் போட்டு வெப்பா. அர்த்தம் சொல்லுவேன், எங்கே பிரயோகம் பண்ணணும், எங்கே கூடாதுன்னும் சொல்லுவேன். ஆபீஸ்ல ப்யூன்கூட எனக்காக எழுந்து நிக்கமாட்டான். இந்தப் பெட்டியில எனக்காக எழுந்து இடம் விடுவா. மனுஷனுக்கு அது பெரிய விஷயம் சார்.

பூவராகவனும் அதே பெட்டிதான். எங்க தெருப் பையன், என்னைவிட எட்டு வயசு சின்னவன், எங்க கம்பெனியிலேயே கெமிஸ்ட். எங்க ரெண்டு குடும்பத்துக்கும் கோயில்ல பரம்பரைக் கைங்கரியம். பெருமாள் முன்னாடி பிரபந்தம் சொல்ற கோஷ்டியில நான் முதல் வரிசை, அவன் ரெண்டாவது வரிசை.

அங்கேதான் ஆரம்பிச்சது. ஒரு பாசுரத்துல ரெண்டாவது அடியையும் மூணாவது அடியையும் நான் முன்பின்னா மாத்திச் சொல்லுவேன். எங்கப்பா அப்படிச் சொல்லுவார், அதனால நானும் அப்படி. கோஷ்டி ஒரு பக்கம் போகும், நான் ஒரு பக்கம் போவேன். என் குரல் பெரிசு. அதனால கொஞ்ச நாழியில எல்லாரும் என் பக்கம் வந்துடுவா. இத்தனை வருஷமும் அப்படியே நடந்துண்டிருந்தது, பெருமாளும் ஒண்ணும் சொல்லலை.

உத்ஸவம் அன்னிக்கு, ஊரே கூடி நிக்கறச்சே, பூவராகவன் பின்னாலேர்ந்து நிறுத்திட்டான். 'ஸ்வாமி, அடி மாறிப் போச்சு. மறுபடி ஆரம்பிக்கலாமே'ன்னான். மரியாதையாத்தான் சொன்னான், அதை நான் மறைக்கலை. அர்ச்சகர் திரும்பிப் பாத்தார். பொம்மனாட்டிகள் வரிசையில யாரோ சிரிச்சா. என் மானம் கப்பலேறிடுத்து. உள்ளங்கால்லேர்ந்து உச்சந்தலை வரைக்கும் எரிஞ்சது சார். மறுபடி ஆரம்பிச்சோம். நான் மறுபடி மாத்தியே சொன்னேன்.

அந்த வாரம்தான் டிக்ஷ்னரியில அந்த வார்த்தை கண்ணுல பட்டது. மம்ப்சிமஸ். எங்கேயோ சீமையில ஒரு பாதிரியார் லத்தீன் ஜபத்துல ஒரு வார்த்தையை வருஷக் கணக்காத் தப்பாவே சொல்லிண்டிருந்தாராம். படிச்சவன் ஒருத்தன் திருத்தினான். 'உன் புது வார்த்தைக்காக என் பழசை விடமாட்டேன், போடா'ன்னுட்டாராம். அதுலேர்ந்து, தப்புன்னு காட்டின அப்புறமும் விடாமப் பிடிச்சுண்டிருக்கிற தப்புக்கு அந்தப் பேர். அப்படிப் பிடிச்சுண்டிருக்கிற ஆளுக்கும் அதே பேர். பிரயோகத்துல ஒண்ணு கவனிக்கணும். தெரியாமப் பண்ற தப்புக்கு இந்த வார்த்தை பொருந்தாது. தெரிஞ்சிருக்கணும். அது ரொம்ப முக்கியம்.

மறுநாள் ரயில்ல இந்த வார்த்தையைச் சொல்லிட்டு, உதாரணத்துக்குப் பூவராகவனைக் காட்டினேன். பொருந்தறதான்னு யாரும் யோசிக்கலை. சொன்னது நான், அதனால பொருந்தித்து. பெட்டியே கொல்லுனு சிரிச்சது. ஒரே வாரத்துல பேர் பேக்டரி வரைக்கும் போயிடுத்து. வாய்ல நுழையாததால 'மம்சு சார்'னு ஆச்சு. பழவேற்காட்டுலேர்ந்து வர ஆபரேட்டர் குப்புராஜ் இருந்தானே, அவன் நேர்லயே கூப்பிடுவான். 'இன்னா மம்சு சார், நாஷ்டா ஆச்சா?'ம்பான். பூவராகவனும் சிரிச்சுண்டே 'ஆச்சுப்பா'ம்பான். அவனுக்குக் கோபமே வராது. எனக்கு அது பிடிக்கலை.

இப்போ சைக்கிள் ஷெட்டுக்கு வரேன். எங்களுது ப்ளீச்சிங் பவுடர் பண்ற கம்பெனி. நடுவுல குளோரின் சிலிண்டர் வெக்கற யார்டு. கிழக்கே ரோடு, முன் கேட், ஆபீஸ். மேற்கே காம்பவுண்டு கோடியில பள்ளத்துல சைக்கிள் ஷெட். ஆபத்துச் சங்கு ஊதினா எல்லாரும் எங்கே போய் நிக்கணும்னு ஒரு விதி எழுதச் சொன்னார் மேனேஜர். யார்டுலேர்ந்து ரொம்பத் தள்ளி இருக்கறது எதுன்னு பாத்தேன். சைக்கிள் ஷெட்னு எழுதினேன். ஒரு பக்கம் இங்கிலீஷ், அப்பழுக்கு இல்லாத இங்கிலீஷ். போர்டுல பெயிண்ட் பண்ணி மாட்டியாச்சு.

ரெண்டு நாள் கழிச்சு பூவராகவன் வந்து நின்னான். 'அண்ணா, மத்தியானத்துக்கு மேல கடல் காத்து கிழக்கேர்ந்து அடிக்கறது. கேஸ் கனமானது, மேற்கே ஓடிப் பள்ளத்துல தங்கும். ஷெட்டுல நின்னா அத்தனை பேரும் மாட்டிப்பா. முன் கேட்டுன்னு மாத்திடுங்கோ.'

காத்து விஷயம் எழுதறச்சே எனக்குத் தோணலை. அதை வேணா பிழைன்னு போட்டுக்குங்கோ சார், ஆட்சேபணை இல்லை. அந்தப் பிழைக்கு ஆயுசு ரெண்டு நாள். மூணாம் நாள்லேர்ந்து அது பிழை இல்லை.

ஒரு வரியை அழிச்சு எழுதினா முடிஞ்சிருக்கும். பெயிண்டரைக் கூப்பிடக்கூட எண்ணினேன். அப்புறம்தான் தோணித்து. போர்டை மாத்தினா குப்புராஜ் கேப்பான். ரயில்ல கேப்பா. அந்தப் பேர் அன்னிக்கே பூவராகவனை விட்டுட்டு என் தலையில வந்து உக்காந்துக்கும். நான் கொடுத்த வார்த்தையை எனக்கே திருப்பிக் கொடுக்கறதை எப்படி சார் பொறுத்துக்கறது? 'மம்ப்சிமஸுக்கு இதான் உதாரணம், சொல்லச் சொல்லக் கேக்காது'ன்னு எல்லார் எதிரயும் சொல்லி அனுப்பிட்டேன்.

அவன் மேனேஜர்கிட்ட போனான். ஒத்திகை பாத்துடலாம், யார்டுல புகை போட்டா தெரிஞ்சுடும்னு அவர் சொன்னார். நல்ல யோசனை. நேரம் மட்டும் நான் குறிச்சேன். காலம்பற வெச்சேன். காலம்பற காத்து மேற்கேர்ந்து அடிக்கும், அது எனக்குத் தெரியும். நாற்காலி நகர்த்திப் போட்டுக்கறவனுக்குத் தெரியாதா? புகை நேரா முன் கேட்டுக்கு வந்தது. அங்கே பூவராகவன் நின்னு இருமிண்டிருந்தான். சைக்கிள் ஷெட்டுல இருந்தவாளுக்கு ஒரு கமறல்கூட இல்லை. ஜனங்க கைதட்டினா. குப்புராஜ் விசிலே அடிச்சான். 'சூப்பரண்டு சாரு சொன்னா சொன்னதுதான்பா, கேட்டாண்ட போனா பேஜாரு'ன்னான். அவனுக்குக் காத்து தெரியாதா? பழவேற்காட்டு ஏரியில படகு தள்ளினவன். ஆனா போர்டுல எழுதினதையும் கண்ணால பாத்ததையும் சேத்து வெச்சுப் பாத்தப்போ, அவன் தன்னையே சந்தேகப்பட்டுட்டான். அன்னிக்கு எனக்கு ரொம்ப சந்தோஷம். உங்ககிட்ட சொல்றதுக்கென்ன.

அன்னிக்குச் சாயங்காலம் பேசின் பிரிட்ஜ் பிளாட்பாரத்துல பூவராகவன் என் பக்கத்துல வந்து உக்காந்தான். கையைப் பிடிச்சுண்டான். 'அண்ணா, ஒத்திகையை ஏன் காலம்பற வெச்சேள்னு எனக்குத் தெரியும். யார்கிட்டயும் சொல்லமாட்டேன். கோயில்ல நீங்க எப்படி வேணாலும் சொல்லுங்கோ, இனிமே நான் வாயைத் திறக்கலை. உங்க பின்னாடியே நானும் மாத்திச் சொல்றேன். அந்த ஷெட்டை மட்டும் மாத்திடுங்கோ. புள்ளகுட்டிக்காரா அண்ணா அவா எல்லாம்'னான். கண்ணுல ஜலம் தளும்பித்து. அவனைப் பாத்தா பாவமாத்தான் இருந்தது.

முதல் பாதிக்கு ஒத்துண்டேன்.

அவனும் சொன்ன வார்த்தையைக் காப்பாத்தினான். அடுத்த சனிக்கிழமை கோஷ்டியில என்னோட சேந்து மாத்தியே சொன்னான். நான் ஷெட்டை மாத்தலை. மாத்தறேன்னு நான் சொல்லவே இல்லையே.

மே மாசம் அந்த நாள் மத்தியானம், சாப்பிட்டுட்டு ஆபீஸ் வராந்தாவுல நின்னுண்டிருந்தேன். கடல் காத்து ஜில்லுனு மூஞ்சியில அடிச்சது. அதனால தூணுக்கு இந்தப் பக்கம் நகர்ந்துண்டேன். அப்போதான் சங்கு ஊதித்து. ஒரு சிலிண்டர் வால்வு பிடுங்கிண்டுடுத்து. பச்சையும் மஞ்சளுமா ஒரு புகை, அவசரமே இல்லாம, மேற்கே நகர்ந்தது.

பூவராகவன் முன் கேட்டுல நின்னு ரெண்டு கையையும் வீசிக் கத்தினான். 'இந்தப் பக்கம் வாங்கோ, இந்தப் பக்கம்!' ஜனங்க பாதி வழியில நின்னு அவனையும் பாத்தா, ஆபீஸையும் பாத்தா. சங்கு ஊதினா அறிவிப்புச் சொல்ற மைக் என் கையில இருந்தது. நான் என்ன சொல்லப் போறேன்னுதான் அத்தனை பேரும் காத்துண்டிருந்தா. 'முன் கேட்'னு சொல்ல எவ்வளவு நாழி ஆகும்? வாயைக்கூடத் திறந்துட்டேன் சார். ஆனா அவன் சொன்னதையே நானும் சொன்னா, அத்தனை பேர் எதிர்ல அவன் பின்னாடி நான் சொன்ன மாதிரி ஆயிடாதா?

'பூவராகவன் பேச்சைக் கேக்காதீங்க. எல்லாரும் சைக்கிள் ஷெட்டுக்குப் போங்க'ன்னேன். கோஷ்டியில சொல்ற அதே குரல்ல சொன்னேன். என் குரல் பெரிசு. எல்லாரும் என் பக்கம் வந்துட்டா. விதிப்படி முன் கேட்டைப் பூட்டவும் வாட்ச்மேன்கிட்ட நான்தான் சொன்னேன்.

நான் ஷெட்டுக்குப் போகலை. அந்த வராந்தாவை விட்டு நகரவே இல்லை. எந்தப் பக்கம் நிக்கணும்னு எனக்குத் தெரியும்.

பூவராகவன் ஈரத்துண்டை மூஞ்சியில கட்டிண்டு ஷெட்டுக்கு ஓடினான். பின்பக்கத்துச் சுவரை உதைச்சு ரெண்டு தகரத்தைப் பேத்து, தள்ளித் தள்ளி வெளியே விட்டான். பாதிப் பேர் பிழைச்சது அதனாலதான். கடைசியா குப்புராஜுக்காக உள்ளே போனான். குப்புராஜ் தன் சைக்கிள் பூட்டைத் திறந்துண்டிருந்தானாம், புது சைக்கிள். ரெண்டு பேரையும் ஒண்ணாத்தான் தூக்கிண்டு வந்தா. குப்புராஜோட சம்சாரம் முத்தம்மா மறுநாள் ஆபீஸ் வாசல்ல வந்து, 'எங்கூட்டுக்காரு போர்டுல எழுதுன மாரிதானே சார் பூட்டாரு?'ன்னு கேட்டா. ஆமாம்மான்னேன். அது உண்மைதானே.

அதனால சார், கிளரிக்கல் எரர் வேண்டாம். பிழைன்னும் வேண்டாம், அஜாக்கிரதைன்னும் வேண்டாம். ஷெட்டுல நின்னா செத்துப் போவான்னு தெரிஞ்சு, செத்தாலும் பரவாயில்லைன்னு நினைச்சு, அங்கே போகச் சொன்னேன். கேட்டைப் பூட்டச் சொன்னேன். ஏழு பேரைக் கொன்னது நான்தான். அப்படியே எழுதிக்குங்கோ. எழுதினதை ஒரு தடவை என்கிட்ட காட்டுங்கோ, வாக்கியம் சரியா இருக்கான்னு பாத்துத் தரேன்.

மம்ப்சிமஸ்ங்கற அந்த வார்த்தையையும் தயவு பண்ணி எனக்குப் போட்டுடாதேங்கோ. உங்க மூஞ்சியைப் பாத்தா அப்படி ஒரு எண்ணம் இருக்கறாப்பல தெரியறது. பிடிவாதம் என்னுது இல்லை. ஷெட்டு ஷெட்டுன்னு கடைசி மூச்சு வரைக்கும் விடாதவன் அவன். அவன் வாயை மூடிண்டு இருந்திருந்தா நானே ஒரு நாள் சத்தமில்லாம மாத்தியிருப்பேன்.

பதிமூணாம் நாள் பூவராகவன் ஆத்துல சேவாகாலம், பிரபந்தம் சொல்லப் போனோம். கோஷ்டியில நான்தான் முன்னாடி. அந்தப் பாசுரம் வந்தது. வழக்கம்போல மாத்திச் சொன்னேன், எல்லாரும் என்னோடயே வந்தா. பின் வரிசையில ஒரு இடம் காலியா இருந்தது, அங்கேர்ந்து ஒரு குரலும் வரலை. அப்பா, ஒரு வழியா இனிமே இதுதான் சரின்னு ஆயிடுத்தேன்னு மனசு லேசாச்சு. அப்போ உள் ரூம் கதவுக்குப் பின்னாலேர்ந்து அவன் ஆம்படையா அரவிந்தவல்லியோட குரல், அழுது அழுது கம்மிப் போன குரல், மெதுவா வந்தது. 'அண்ணா, அடி மாறிப் போச்சு. மறுபடி ஆரம்பிக்கலாமே.'

பாவம், அந்தப் பொண்ணுக்கும் அதே வியாதி. என்ன சொன்னாலும் திருந்தமாட்டேங்கறா. நான் குரலைக் கொஞ்சம் உசத்தி, நிறுத்தாம மேலே சொல்லிண்டு போனேன்.