முடிச்சு வேண்டாத கிளிப்

உங்கள் ஸ்டேஷனுக்குப் பின்னால் துணி காயப்போடுகிற கயிற்றில் முடிச்சைத் தப்பாகப் போட்டிருக்கிறார்கள் சார். வரும்போதே பார்த்தேன். இன்னும் இரண்டு ஈரச் சட்டை ஏறினால் மொத்தமும் மண்ணுக்கு வந்துவிடும். குறை சொல்வதற்காகச் சொல்லவில்லை. உலகத்தில் பாதிப் பேருக்கு முடிச்சுப் போடத் தெரியாது. மீதிப் பேருக்குப் போட்டதை அவிழ்க்கத் தெரியாது. நான் இரண்டு கூட்டத்துக்கும் சேர்த்து உழைத்தவன்.

பெயர் சின்னராஜ். வயது முப்பத்தெட்டு. சொந்த ஊர் நெல்லிவாசல்நாட்டில் பதினெட்டு வீடுள்ள ஒரு குக்கிராமம். கடை மலையடிவாரத்தில், ஏரிக்குத் திரும்புகிற முக்கில் இருக்கிறது. சைக்கிளுக்குப் பஞ்சர் ஒட்டுவேன், தூண்டில் சாமான் விற்பேன். போன செவ்வாய்க்கிழமை தேன் எடுக்க இறங்கிப் பாறையிலிருந்து விழுந்து செத்தானே அர்ச்சுனன், அவன் என் தங்கை சசிகலாவின் புருஷன். அதை விபத்து என்று எழுதி மூடிவிட்டீர்கள். அதில் ஒரு தவறு இருக்கிறது. நீங்களே கண்டுபிடித்துக் கூப்பிடுவீர்கள் என்று ஐந்து நாள் கடையிலேயே உட்கார்ந்திருந்தேன். உங்களுக்கும் ஆயிரம் வேலை. அதனால் நானே வந்துவிட்டேன்.

முதலில் கிளிப்பைப் பற்றிச் சொல்கிறேன். அது புரியாமல் மற்றது புரியாது.

வாணியம்பாடியில் தோல் வியாபாரம் செய்கிற ஃபஹத் பாய் ஞாயிற்றுக்கிழமை தவறாமல் விரால் பிடிக்க எங்கள் ஏரிக்கு வருவார். மூன்று வருடத்துக்கு முன்னால் அவருடைய பெட்டியில்தான் அதைப் பார்த்தேன். வெளிநாட்டுச் சரக்கு. சுண்டுவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் நீளமான கம்பி. ஒரு முனையில் தூண்டில் முள்ளையோ பிளாஸ்டிக் தவளையையோ மாட்டுகிற கொக்கி, மறுமுனையில் ஒரு பிளவு. நைலான் நரம்பை நடுத்தண்டில் எட்டுச் சுற்றுச் சுற்றிப் பிளவில் நுழைத்தால் வேலை முடிந்தது. முடிச்சே கிடையாது. மீன் இழுக்க இழுக்கச் சுற்று இறுகும். முடிச்சுப் போட்ட இடத்தில்தான் நரம்பு எப்போதும் அறுபடும் சார். முடிச்சே இல்லையென்றால் அறுபடுவதற்கு இடம் ஏது? அன்றைக்கு எனக்குச் சாமி வந்த மாதிரி இருந்தது. எங்கள் ஊர் சாமி ஆடு கேட்கும். இது ஒன்றும் கேட்கவில்லை.

சைக்கிள் போக்ஸ் கம்பியை வளைத்து நானே செய்யத் தொடங்கினேன். கை நடுங்குகிறவர்கள், கண்ணாடியை வீட்டில் மறந்து வந்தவர்கள், நரம்பைப் பல்லால் கடித்துக் கடித்துப் பல் போனவர்கள், எல்லாரும் வாங்கினார்கள். ஃபஹத் பாயே ஃபாரின் கிளிப்பை வைத்துவிட்டு என்னுடையதை மாட்டினார். பத்தாவது ஃபெயிலான ஒருவன் செய்த பொருளை நான்கு பேர் நம்பித் தண்ணீரில் போடுகிறார்கள் என்றால் அது எப்படிப்பட்ட சந்தோஷம் என்று உங்களுக்குச் சொல்லத் தெரியவில்லை.

அதற்கு ஒரு குணம் உண்டு. குறை என்று சொல்லமாட்டேன். இழுப்பு இருக்கிறவரை யானை இழுத்தாலும் விடாது. ஆனால் நரம்பு தளர்ந்து ஆடினால் சுற்றும் தளரும், நுனி பிளவிலிருந்து நழுவும். அதற்காகத்தான் நுனிமேல் சைக்கிள் வால்டியூப்பில் ஒரு துண்டு நறுக்கி மாட்டிவிடுவேன். அந்த ரப்பர் இருந்தால் கழலாது. இதை வாங்குகிற ஒவ்வொருவருக்கும் சொல்லித்தான் கொடுப்பேன்.

மாசி மாதம் ஃபஹத் பாய் ஒரு மீன்பிடிப் போட்டி வைத்தார். என் தூண்டிலில் விரால் ஒன்று மாட்டியது. முழங்கையைவிட நீளம், பொய் சொல்லவில்லை. அன்றைக்குக் கடையில் வால்டியூப் தீர்ந்துபோயிருந்தது. ஒரு நாள்தானே என்று ரப்பர் இல்லாமல் போட்டுவிட்டேன். விரால் என்னைப் பார்த்தே நீந்தி வந்தது. நரம்பு தளர்ந்தது, கிளிப் கழன்றது, மீன் போய்விட்டது. தப்பு என்னுடையது. கரையில் நின்ற அர்ச்சுனன் அதை ஃபோனில் பிடித்து, சினிமாப் பாட்டு ஒன்றைச் சேர்த்து, ‘மச்சான் கிளிப்பு, மீனு எஸ்கேப்பு’ என்று தலைப்புப் போட்டு ஏற்றிவிட்டான். ஒரு லட்சத்துப் பன்னிரண்டாயிரம் பேர் பார்த்தார்கள். எங்கள் மலை முழுக்கச் சேர்த்தாலும் அத்தனை தலை தேறுமா என்று தெரியவில்லை.

அதற்குப் பிறகு என் பெயர் எஸ்கேப்பு. பஸ் கண்டக்டர் எஸ்கேப்புக் கடை ஸ்டாப் என்று இறக்கிவிட்டார். கோயிலில் பூசாரி, சாமி வந்து ஆடிக்கொண்டிருந்த நிலையிலும், எஸ்கேப்புக்குத் துன்னூறு குடு என்றார். அருள்வாக்கிலேயே வந்துவிட்டால் அப்புறம் யாரிடம் முறையிடுவது? ரப்பர் இல்லாததால்தான் கழன்றது என்று ஒவ்வொருவரிடமும் நின்று விளக்கினேன். இன்னொரு தரம் வீடியோவைப் போட்டுப் பார்த்துச் சிரித்தார்கள். எனக்குக் கோபம் என்று எழுதாதீர்கள். அவமானம் என்று எழுதுங்கள். இரண்டும் வேறு. கோபம் சாப்பிட்டுத் தூங்கினால் போய்விடும்.

இரண்டு மாதம் தங்கை வீட்டுக்குப் போகவில்லை. சசிகலாவுக்கு அது பொறுக்கவில்லை. சித்திரையில் தேன் எடுக்கிற நாள் வந்தது. எங்கள் ஊர் வழக்கம் உங்களுக்குத் தெரிந்திருக்கும். பாறையில் இறங்குகிறவனுக்குக் கயிறு காக்க வேண்டியவன் மனைவியின் அண்ணனோ தம்பியோதான். மேலே மரத்தடியில் அவன் மட்டும் உட்காருவான். வேறு யாரும் அந்த மரத்துக்கு இருபதடிக்குள் வரக்கூடாது, கூடப் பிறந்த அண்ணன் தம்பியே ஆனாலும். அண்ணன் தம்பிக்குள் நிலத் தகராறு இருக்கலாம். மச்சான் அப்படியில்லை, தன் தங்கையை எவனும் தாலியறுக்க விடமாட்டான் என்று பெரியவர்கள் கணக்குப் போட்டு வைத்திருக்கிறார்கள். நல்ல கணக்குதான்.

அவள்தான் வந்து கூப்பிட்டாள். கயிற்றுக்கு ஏற்ற மாதிரி பெரிய கிளிப் ஒன்று செய்து கொண்டுவா, அதிலேயே அவரை இறங்கவைக்கிறேன், அதையும் வீடியோ எடுத்துப் போடட்டும், ஊர் வாய் அடங்கும் என்றாள். அர்ச்சுனன் முதலில் மாட்டேன் என்றிருக்கிறான். அவள் இரண்டு நாள் அடுப்புப் பற்றவைக்கவில்லை. மூன்றாம் நாள் சரியென்றான்.

பன்னிரண்டு எம்எம் கட்டிடக் கம்பியில், வெல்டிங் பட்டறையில் நின்று என் கையாலேயே வளைத்துச் செய்தேன். ஒரு சாண் நீளம். ரப்பருக்கு லாரி டியூப்பில் நறுக்கிய வளையம். நான் எதையும் சோதிக்காமல் கொடுக்கிறவன் இல்லை. வீட்டுப் புளியமரத்தில் கட்டி, அர்ச்சுனன் எடைக்கு மணல் மூட்டை தொங்கவிட்டுப் பார்த்தேன். ரப்பரோடு முப்பது தடவை. ஒரு தடவைகூட நழுவவில்லை. ரப்பர் இல்லாமல், கயிற்றைத் தளரவிட்டு, இரண்டு முறை சுண்டி, மறுபடி எடை ஏற்றிப் பதினோரு தடவை. பதினோரு தடவையும் மூட்டை தரைக்கு வந்தது. பன்னிரண்டாவது முறை பார்க்க அவசியம் இருக்கவில்லை.

செவ்வாய்க்கிழமை காலை பத்து மணி. பச்சைத் தழையைக் கொளுத்திப் புகை போட்டாயிற்று. அர்ச்சுனன் கயிற்றை இடுப்பில் கட்டிக்கொண்டு மரத்தடிக்கு வந்து, மரத்தில் மாட்டி நான் கயிற்றை எட்டுச் சுற்றுச் சுற்றி வைத்திருந்த கிளிப்பைக் குனிந்து பார்த்தான்.

“ரப்பர் போட்டுக்கீறியா மச்சான்?”

“போட்டுக்கீறேன் மாப்ள. நீயே பாரு.”

அவன் தொட்டுப் பார்த்தான். இருந்தது. நான் பொய் சொல்லவில்லை என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். பிறகு என் தோளைத் தட்டி, அந்த வீடியோவ இன்னிக்கே அழிச்சிட்றேன் மச்சான், மனசுல வச்சிக்காத என்றான். ஒரு லட்சத்துப் பன்னிரண்டாயிரம் பேர் பார்த்த பிறகு அழிக்கிறானாம். ஆனாலும் அப்படிச் சொன்னது எனக்கு நன்றாகத்தான் இருந்தது. கொஞ்ச நேரம் வேண்டாம் என்றுகூட நினைத்தேன். அதற்குள் அவன் இறங்கத் தொடங்கிவிட்டான். இறங்கும்போது கீழே டின்னோடு நின்ற இரண்டு பேரைப் பார்த்து, எஸ்கேப்பு புடிச்சிருக்கான்டா, தலையக் காப்பாத்திக்கோங்க என்று கத்தினான். அவர்கள் சிரித்தார்கள். பாறை எதிரொலித்ததால் எனக்கு இரண்டு தடவை கேட்டது.

பாதி உயரத்தில் ஒரு திட்டு இருக்கிறது. அதில் நின்றுதான் தேனடையை அறுக்க வேண்டும். நிற்கும்போது கயிறு தளரும். அப்போது ரப்பர் வளையத்தைக் கழற்றிச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டேன். அதற்குமேல் நான் ஒன்றும் செய்யவில்லை, வழக்கம்தான் செய்தது. அடை அறுத்து முடித்ததும் திட்டில் நிற்பவன் கயிற்றை இரண்டு முறை சுண்டுவான். எடை போடட்டுமா என்று அர்த்தம். பாறை மடிப்பில் ஆள் தெரியாது, குரலும் சரியாகக் கேட்காது. மேலே இருக்கிற மச்சான் இரண்டு முறை சுண்டிப் பதில் சொல்வான். கயிறு பத்திரம் என்று அர்த்தம்.

அர்ச்சுனன் கேட்டான். நான் பதில் சொன்னேன். சுண்டியதில் எட்டுச் சுற்றில் ஐந்து தளர்ந்தது. மீதி மூன்றை அவனே இழுத்துக்கொண்டு போனான். அவன் கையிலிருந்த தேன் டின் விழுந்த சத்தம்தான் முதலில் கேட்டது.

உங்கள் ஆட்கள் வந்து கிளிப்பைப் பையில் போட்டு முத்திரை வைத்தார்கள். அதில் ரப்பர் எங்கே என்று ஒருவரும் கேட்கவில்லை. வேலூரிலிருந்து வந்த நிருபர், கைவிட்டது கிளிப், கைநழுவியது உயிர் என்று எழுதினார். எதுகை மோனையோடு எழுதுகிறவருக்கு விசாரிக்க எங்கே நேரம்? அடுத்த நாளே கடைக்கு ஆள் வந்தது. வாங்கிய கிளிப்புகளைக் கைநிறையக் கொண்டுவந்து மேஜைமேல் கொட்டிவிட்டுப் போனார்கள். ஃபஹத் பாய் துக்கம் கேட்க வந்தவர், பெட்டியைத் திறந்து ஆறு கிளிப்பை எடுத்து வைத்தார்.

“இனிமே நான் முடிச்சே போட்டுக்கிறேன் சின்னராஜ். மனசு ஒப்பல.”

அப்போதுதான் எனக்கு அழுகை வந்தது. அர்ச்சுனனுக்காக அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டு அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். நல்ல மனிதர்.

ஆனாலும் அதைக்கூடத் தாங்கிக்கொண்டிருப்பேன். நேற்றுக் காலை சசிகலா வீட்டுக்குப் போனேன். அர்ச்சுனனின் தாயார் என்னைப் பார்த்ததும் மண்ணை வாரித் தூற்றினாள். சசிகலா எழுந்து வந்து எனக்கு முன்னால் நின்றுகொண்டாள். ஐந்து நாளாக ஒரு வாய் சோறு தொடாதவள்.

“எங்கண்ணன ஒண்ணும் சொல்லாத. அது இன்னா பண்ணும்? அந்தக் கம்பிதான் வுட்டுடுச்சி. அத மாட்டச் சொன்னதே நான்தான்.”

அத்தனை பேருக்கு நடுவில் சொன்னாள் சார். கம்பி விட்டுவிட்டதாம். அவளுக்கே அப்படி ஒரு எண்ணம் இருந்தால் ஊரார் வாயை நான் எப்படி மூடுவது? அங்கிருந்து நேராக இங்கே வருவதாகத்தான் இருந்தேன், நேற்று ஞாயிற்றுக்கிழமை, நீங்கள் இருக்கமாட்டீர்கள் என்று வரவில்லை.

அந்த ரப்பர் வளையம் இதுதான். மேஜைமேல் வைக்கிறேன். வேண்டுமானால் பையிலிருந்து கிளிப்பை எடுங்கள், மாட்டிக் காட்டுகிறேன். உங்களில் கனமான ஆள் யாராவது தொங்கிப் பார்க்கலாம். அர்ச்சுனனைக் கொன்றது நான். கிளிப்பில் ஒரு குறையும் இல்லை. இரண்டையும் ஒரே பக்கத்தில் எழுதுங்கள், கையெழுத்துப் போடுகிறேன்.

எழுதி முடித்ததும் சசிகலாவுக்கு நீங்களே ஒரு ஆளை அனுப்பிச் சொல்லிவிடுங்கள். தான் மாட்டச் சொன்ன கம்பியால்தான் புருஷன் செத்தான் என்று அவள் தன்னையே அடித்துக்கொள்கிறாள். அண்ணன் செய்த பொருள் அவளை ஏமாற்றவில்லை என்று தெரிந்தால் ஒரு வாய் சாப்பிடுவாள்.