தலைகீழ் முத்திரை

தேநீர் நன்றாக இருக்கிறது, ஐயா. எங்கள் அலுவலக இயந்திரம் தருவதெல்லாம் வெறும் வெந்நீர்.

உகாயை விட்டுவிடுங்கள் என்று சொல்லத்தான் வந்தேன். பக்கத்து அறையில் வைத்திருக்கிறீர்களே, எங்கள் ரோப்கார் நிறுவனத்தின் பாதுகாப்புப் பிரிவுத் தலைவர், அவரைத்தான். பழைய கம்பிவடத்தையே இன்னொரு குளிர்காலமும் ஓட்டலாம் என்ற முடிவில் கையெழுத்துக்குப் பதிலாகக் குத்தும் அவர் பெயர் முத்திரை நேராக இருக்கிறது. அதுதானே உங்கள் வழக்கு?

உங்கள் காவல் நிலையத்திலும் பார்த்திருப்பீர்கள். கீழே இருப்பவர் தன் முத்திரையை மேலதிகாரியின் முத்திரைப் பக்கம் கொஞ்சம் சாய்த்துக் குத்துவார், குனிந்து வணங்குகிற மாதிரி. உகாயோ, மனம் ஒப்பாத முடிவுகளில் தலைகீழாகக் குத்துவார். மறுத்தாயிற்று, மரியாதையும் கெடவில்லை. அதைப் பார்த்தால் முதலாளி டொகுஷிகேவுக்கு மதியச் சோறு இறங்காது. கோப்பு கிடப்புக்குப் போய்விடும்.

இரண்டு குளிர்காலமாகப் பனி சரியாக விழவில்லை, பனிச்சறுக்க வரும் கூட்டமும் இல்லை. காலம் நிலையில்லாமல் இருக்கும்போது நிறுவனம் சட்டென்று முடிவெடுக்க வேண்டும் என்றுதான் பழைய நடைமுறைகளை மாற்றும் புதுத் துறைக்கு என்னைப் பொறுப்பாக்கினார்கள். எது நம் காலைப் பிடித்து இழுக்கிறது என்று யோசித்தேன். உகாயின் முத்திரைதான்.

ஆகவே முத்திரைகளையெல்லாம் கணினிக்கு மாற்றினேன். நிரல் எழுத வந்த பெண் ஒன்றே ஒன்று கேட்டாள்.

“யாராச்சும் தலைகீழா குத்தணும்னா என்ன பண்றதுங்க?”

“அப்படி யாரும்மா குத்தப்போறாங்க?” என்றேன்.

உகாய் பாவம், திரையோடு மல்லுக்கட்டிவிட்டு என்னிடம் வந்தார்.

“நிஷிகோரி-சான், எப்படி அமுக்கினாலும் நேராவே விழுது. அந்த வடம் தாங்காதுங்க. எனக்குச் சம்மதமில்லைன்னு எங்க காட்டுறது?”

“குத்தாம விட்டா முதலாளிக்குத் தலைகுனிவு. நீங்க குத்திடுங்க. உங்க மனசை நான் அவர்கிட்ட பக்குவமா சொல்லிடறேன்.”

என்னை நம்பிக் குத்தினார். நான் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் பழைய முறைக்கே திரும்பியதாகியிருக்கும். அத்தனை உழைப்பும் வீண்.

முதல் பனி விழுந்த ஞாயிறன்று வடம் அறுந்தது. அதில் தொங்கிய பெட்டியில் இருந்தவர் ஒருவரும் பிழைக்கவில்லை. எனக்கு வருத்தம்தான்.

ஆமாம், வடம் தாங்காது என்று எனக்குத் தெரியும். தெரிந்தேதான் செய்தேன், எழுதிக்கொள்ளுங்கள். அதோடு இதையும் ஒரு வரி சேர்த்துவிடுங்கள், ஐயா: எங்கள் நிறுவனத்தில் ஒருவர்கூட மறுக்காமல் நிறைவேறிய முதல் முடிவு அது.