கையை எடுத்ததும் நிக்கிற சத்தம்

இல்லண்ணே, நீங்க அந்த முக்காலியில உக்காருங்க, நான் இஸ்திரி போட்டுக்கிட்டே கேக்குறேன். இந்தக் கவுன்ல சுருக்கம் ஜாஸ்தி, சூடு ஆறுறதுக்குள்ள முடிக்கணும். வளர்ற பிள்ளைன்னு ஒரு அளவு பெரிசா எடுத்தது. லேப்டாப்பை அந்தப் பக்கம் வைங்க, ஒயரு காலை வாரும்.

மாமா சொன்னாருன்னு சாயங்காலம் லேப்டாப்புல இருக்குற அந்தப் பெரிய ஆர்கன் சத்தத்தை வச்சிடாதீங்கண்ணே. அவருக்கென்ன, மாமனாரு, நாலு பேரு நிமிந்து பாக்கணும். எங்கேயோ ஒரு பெரிய கல்லு சர்ச்சுல குழாய் குழாயா ஊதவிட்டுப் பதிவு பண்ணினதுன்னு நீங்கதானே சொன்னீங்க? நம்ம சர்ச்சு தகரக் கூரை. எலிக்கு யானைச் சட்டை மாட்டுன மாதிரி இருக்கும்.

சிரிக்காதீங்க. நான் சர்ச்சைப் பெருக்க வரும்போதெல்லாம் நீங்க கீபோர்டுல சத்தத்தை ஒண்ணொண்ணா மாத்திப் பாப்பீங்கல்ல? அந்தத் தடிக்குழாய் உறுமுனா பெஞ்சே அதிரும். அதுக்கு எம்பொண்ணு வச்ச பேரு பூதம். என் முட்டிக்குப் பின்னால ஒளிஞ்சுக்குவா. பூதம் போயிடுச்சு, வா குட்டின்னு நீங்கதான் கூப்பிடுவீங்க.

அந்த மெல்லிசுக் குழல் இருக்கே, குருவி மாதிரி, அது வந்தா மட்டும் ஸ்பீக்கர் பொட்டிகிட்ட ஓடி காதை வைப்பா.

இருங்க, காலர் ஓரம் மடங்கிக்கிச்சு.

இல்லண்ணே, சத்தத்தைக் குறைச்சாப் போதாது. கையை எடுத்த பிறகும் இழுத்துக்கிட்டே போகுதே, அந்த எதிரொலி, அதான் வேணாங்குறேன். அது அடங்குற வரைக்கும் வாயைப் பொத்தி மூச்சைப் பிடிச்சுக்கிட்டு நிப்பா. அடங்குனதும் புஸ்ஸுன்னு விட்டுட்டு ஒரே சிரிப்பு. நீங்க வேணும்னே நீளமா இழுக்குறதா வைப்பீங்க, அவ மூஞ்சி செவந்துடும். போதும்ணேன்னு சொல்ல நாக்கு வரைக்கும் வரும், வெக்கமா இருக்கும்.

இன்னிக்கு என்னமோ பேசுறேன் பாருங்க.

அவளைக் கிடத்துற பெட்டியை முன்னாடி, என் பக்கத்துலயே வைப்பாங்களாம். மூடி போடாமத்தான். நீங்க வாசிச்சு நிறுத்துவீங்க, அது பாட்டுக்கு இழுத்துக்கிட்டே இருக்கும், நான் அவ வாயையே பாத்துக்கிட்டு இருப்பேன்ணே. இப்ப விடுவா, இப்ப விடுவான்னு.

தோ வரேன் அத்தே! குளிப்பாட்டி முடிச்சாச்சா? கவுன் ஆயிடுச்சு, கொண்டாரேன். கையை நீங்க இழுக்காதீங்க, நானே மாட்டுறேன்.

அண்ணே, அந்தக் குருவியையே வைங்க, கையை எடுத்ததும் நின்னுடணும், இல்லேன்னா நான் அங்க அத்தனை பேரு முன்னாடி...