தண்ணீர் நின்ற வயல்

ஏரலிலிருந்து பேட்டைக்கு வேலை தேடி நான் போன பஸ்ஸில், எனக்கு முன் இருக்கையில் ஒரு கணவன் மனைவி இருந்தார்கள். ஐம்பதைத் தாண்டியவர்கள்.

“தண்ணி ஏறாத வயல், நஞ்சைக் கணக்கிலிருந்து மாத்துங்கன்னு மனு கொடுத்துட்டு, அதிகாரி பார்க்க வார அன்னைக்கா மடையத் திறப்பாவ?” என்றாள் அந்த அம்மாள். அரைத் தூக்கத்திலிருந்த நான் விழித்துக்கொண்டேன்.

“நமக்கா திறந்தேன்? கீழ வயல்காரன் நெல்லு பால் பிடிக்கிற நேரம். நம்ம ஓரத்து வாய்க்கா வழியாத்தான தண்ணி அங்கன போகணும். அது வழிஞ்சு நம்ம வயல்ல நின்னுட்டு. நான் என்ன செய்ய?”

“ஒருநாள் பொறுக்கச் சொல்லியிருக்கலாம்லா.”

“பயிரு கருகிருமேட்டி.”

“இப்பம் நஞ்சைதான்னு முடிச்சிட்டாவ. இனி அதுல வீடு கட்ட முடியாது. புருஷன் செத்து, கைப்பிள்ளையோட நிக்கா நம்ம மக. அவ எங்கன போவா?”

அவர் துண்டால் முகத்தைத் துடைத்தார். பஸ் செய்துங்கநல்லூரைத் தாண்டியது.

“கீழ வயல்காரன் பயிரு தேறிட்டா?” என்று அவள் கேட்டாள்.

“தேறிட்டு.”

“சரி. நம்ம வீட்டுக்குப் பின்னால ஒரு சாய்ப்பு இறக்குவோம். பிள்ளையோட அங்கன இருக்கட்டும்.”

“வீடு போன காரணம் தெரிஞ்சா என்னய ஏசுவாட்டி.”

“மடைய அடைச்சுப் போட்டிருந்தாத்தான் ஏசுவா. உங்க மகள்லா அவ.”