துறைமுகத்தில் நின்றவரின் தழும்பு

பழைய படங்களைத் துடைப்பவனுக்கும் முதுகுவலி வரும் என்றால் யாரும் நம்புவதில்லை. படச்சுருளைக் கணினியில் ஏற்றி, ஒவ்வொரு ஃபிரேமாக எடுத்து, தூசியையும் கீறலையும் நீக்குவது என் வேலை. ஒரு நொடிக்கு இருபத்துநான்கு ஃபிரேம். பதினெட்டு வருடமாக இதைத்தான் செய்கிறேன். அதனால் கொஞ்சம் சாய்ந்து உட்கார்ந்தே சொல்கிறேன், தப்பாக நினைக்காதீர்கள்.

அந்தப் படத்தை நீங்கள் பார்த்திருக்க மாட்டீர்கள், சார். வெளிவந்த காலத்திலேயே ஓடாத படம். தொடக்கத்தில் ஒரு மருந்துக்கடைக்காரர் கதாநாயகியின் கையில் ஒரு புட்டியைக் கொடுக்கிறார். மூன்று நொடி. அவருக்கு இடது கண்ணுக்குக் கீழே ஒரு தழும்பு. கடைசியில் அவள் ஊரைவிட்டுக் கப்பலேறும்போது, துறைமுகக் கூட்டத்தில் ஓர் ஆள் திரும்பிப் பார்க்கிறார். நான்கு நொடி. அவர்தானா இவர்? இதுதான் கேள்வி.

இதைப் போய் விவாதிக்கிறவர்கள் வேலைவெட்டி இல்லாதவர்கள் என்று நீங்கள் நினைப்பது முகத்தில் தெரிகிறது. ஆனால் யோசித்துப் பாருங்கள். இருவரும் ஒரே ஆள் என்றால், அவளை வழியனுப்ப ஒருத்தராவது வந்திருக்கிறார். இல்லையென்றால் யாருமே வரவில்லை. எனக்கு அது தாங்கவில்லை.

மூன்று வருடம் முன்பு அந்தப் படம் என்னிடம் துடைக்க வந்தது. துறைமுகக் காட்சியில் அந்த ஆளின் முகத்தின் மேல் நெடுக ஒரு கீறல். முழுவதையும் எடுத்தேன், இடது கண்ணுக்குக் கீழே மட்டும் அரை விரல் நீளம் விட்டேன். நான் எதையும் வரையவில்லை. துடைக்காமல் விட்டேன், அவ்வளவுதான். முகம் திரும்பும்போது அதுவும் கூடவே திரும்ப வேண்டுமில்லையா, அதற்காகத் தொண்ணூற்றாறு ஃபிரேமிலும் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி வைத்தேன்.

துடைத்த படம் வெளியே வந்ததும் தழும்பை யாரோ கவனித்துவிட்டார்கள். கைபேசியில் ஒரு குழு தொடங்கியது. பதினோரு பேர். நானும் சேர்ந்தேன். படம் துடைக்கிறவன் என்று தெரிந்ததும் எனக்குத் 'துடைப்பம்' என்று பட்டப்பெயர் வைத்தார்கள். இந்தப் படத்தைத் துடைத்ததே நான்தான் என்பதை மட்டும் சொல்லவில்லை. பட்டப்பெயர் எனக்குப் பிடித்திருந்தது. அம்மா போய் ஒன்பது வருடமாகிறது, அதற்குப் பிறகு வீட்டில் என்னை எதைச் சொல்லியும் கூப்பிட ஆளில்லை.

குழுவில் என் எதிரி ஒரு தையல்காரம்மா. வேறு ஊரில் கடை வைத்திருப்பவர். மாலை ஆறரைக்குக் கடையைச் சாத்தியதும் என்னைத் தினமும் கூப்பிடுவார். "என்ன துடைப்பம், வேலை முடிஞ்சுதா? வாங்க, விட்ட இடத்துலேருந்து சண்டை போடலாம்." இரண்டு பேரின் சட்டையையும் அளந்து வைத்திருந்தார். மருந்துக்கடைக்காரருக்கு இடது தோள் இறங்கியிருக்கிறது, துறைமுகத்துக்காரருக்கு இல்லை என்பது அவர் கட்சி. "தழும்பை யாரு வேணா ஒட்டிக்கலாம். தோளை ஒட்ட முடியுமா?" என்பார். ஆறரை மணிக்காக நான் ஆறு மணிக்கே முகம் கழுவிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன்.

இந்த வருடம் அவர் அந்தத் துறைமுகத்துக்காரரைக் கண்டுபிடித்துவிட்டார். அன்று கூட்டத்தில் நின்ற துணைநடிகர் உயிரோடு இருக்கிறார், அதுவும் என் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி.

"நீங்களே போய் முகத்தைக் கிட்டத்துல ஒரு போட்டோ எடுத்து அனுப்புங்க. உங்களை நான் நம்புறேன். தழும்பு இருந்தா நான் தோத்துட்டேன், இல்லேன்னா நீங்க. இதோட முடிச்சுக்கலாம் துடைப்பம், எனக்கும் அலுத்துப்போச்சு."

முடிச்சுக்கலாம் என்று அவர் சிரித்துக்கொண்டே சொன்னார். மறுநாளே அந்தத் துணைநடிகரின் வீட்டைத் தேடிப் போனேன்.

பெரியவர் தனியாக இருந்தார். கண்ணில் புரை, உடம்பில் சர்க்கரை, கையில் நடுக்கம். முகம், கழுவி வைத்த தட்டு மாதிரி சுத்தமாக இருந்தது, தழும்பே இல்லை. துறைமுகத்தில் யாரைப் பார்த்தீர்கள் என்று கேட்டேன். "யாரையும் பாக்கலையே தம்பி. திரும்புன்னாங்க, திரும்பினேன்" என்றார். அந்தப் படத்தில் தான் யாரென்று அவருக்கே தெரியவில்லை. அவர் வாக்கை எப்படிச் சாட்சியமாக எடுத்துக்கொள்வது?

பெரியவர் மகள் வீட்டுக்குப் போயிருக்கிறார், வரட்டும் என்று தையல்காரம்மாவிடம் பொய் சொல்லிவைத்தேன். கை நடுங்குகிறவர் சவரம் செய்துகொள்ள முடியாமல் கஷ்டப்பட்டார். புதன்கிழமைதோறும் நான் போய்ச் செய்துவிட்டேன். வெந்நீர் வைத்து, துண்டு போர்த்தி, நிதானமாக. என் கை நடுங்காது. தொழில் அப்படி.

இரண்டாவது புதன் அன்று இடது கண்ணுக்குக் கீழே கத்தி பட்டது. அரை விரல் நீளம். "கை தவறிடுச்சு ஐயா" என்றேன். "போனாப் போகுது தம்பி. நீ வர்றதே எனக்குப் பெருசு" என்றார். அடுத்த புதனும் அதே இடம். ஒருமுறை கீறினால் அடையாளமே இல்லாமல் ஆறிவிடும், ஆற விடாமல் திறந்துகொண்டே இருந்தால்தான் தழும்பு நிற்கும். சர்க்கரை உடம்பு என்பதை நான் கணக்கில் எடுத்திருக்க வேண்டும். ஐந்தாவது வாரம் கன்னம் வீங்கியது. டாக்டரிடம் கூட்டிப் போகிறாயா என்று கேட்டார். டாக்டர் தையல் போட்டு ஒழுங்காக மூடிவிடுவார். தானாகவே ஆறிவிடும் ஐயா என்றேன்.

ஏழாவது புதன் அவருக்கு உடம்பு கொதித்தது. கண் மூடிக்கொண்டிருந்தது. முகத்தைத் துடைத்து, சன்னல் பக்கம் திருப்பி, படம் எடுத்தேன். குடிக்கத் தண்ணீர் வைத்துவிட்டுத்தான் கதவைச் சாத்தினேன்.

ஆறரைக்குப் படத்தை அனுப்பினேன். உடனே கூப்பிட்டார். "இது தழும்பு இல்லீங்க. தையல் போட வேண்டிய புண்ணு. ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனீங்களா?" சேர்த்துவிட்டேன் என்றேன். பிறகு பழைய தழும்பு மேலேயே புண் வந்திருக்கிறது என்று வாதாடினேன். ஒரு மணி நேரம் பேசினோம். என்னோடு அவ்வளவு நேரம் யாரும் பேசியதில்லை. எந்த ஆஸ்பத்திரி, எந்த ஆஸ்பத்திரி என்று கேட்டுக்கொண்டே இருந்தார்.

வெள்ளிக்கிழமை பெரியவர் இறந்தார். உங்களிடம் சொன்னது தையல்காரம்மாதான் என்று தெரியும். அவர்மேல் எனக்கு வருத்தமில்லை. வழக்கில் சாட்சியாக அவரைக் கூப்பிடுவீர்கள் அல்லவா? நாங்கள் நேரில் பார்த்ததில்லை.

கத்தியை வைத்ததும் நான்தான், டாக்டரிடம் போகவிடாததும் நான்தான். கையெழுத்துப் போடுகிறேன். அதற்கு முன் ஒரே ஒரு திருத்தம், சார். வாக்குமூலத்தில் இறந்தவரின் இடது கண்ணுக்குக் கீழே காயம் என்று எழுதியிருக்கிறீர்கள். பழைய தழும்பு என்று மாற்றிவிடுங்கள். அவர் அவளை வழியனுப்பத்தான் வந்திருந்தார்.