பால் கொடுத்த வாத்தியார்

இல்ல சார், இருங்க. அந்த வரிய இன்னொரு தடவ படிங்க. நான் அடுப்புப் பக்கம் நின்னுட்டேன், சரியாக் காதுல விழல. ம்... என் பிள்ளையை மடியில் கிடத்திப் பால் கொடுத்த வேளையில், எந்த மொழியில் அதைக் கொஞ்சினேன் என்று எண்ணிப் பார்க்கிறேன். அட கடவுளே. இத எங்க வீட்டுக்காரரா எழுதிக் கொடுத்தாரு? பயிற்சி வாத்தியார் பொன்னுதுரைன்னு மேல பேரப் போட்டு?

சிரிக்காம எப்படி சார் இருக்கிறது. மூணு பெத்தவ நான். ஒண்ணக்கூட அவரு தோள்ல போட்டுத் தட்டினதில்ல. பிள்ளை அழுதா ரேடியோ சத்தத்தக் கூட்டி வைப்பாரு. இப்பப் பாத்தா அவரே பால் கொடுத்திருக்காரு, எனக்குத்தான் இத்தன நாளாத் தெரியல. சரி சரி, கோவிச்சுக்காதீங்க. பசியாறிட்டீங்களா? அப்ப இந்தக் காப்பியாவது குடிங்க.

தெரியுது சார், விளையாட்டு இல்லதான். ராஜரத்தினம் சார்னா பயிற்சி வகுப்பே நடுங்கும்னு இவரு சொல்வாரு. நீங்களே புக்கிட் பாருலேருந்து வெயில்ல சைக்கிள் மிதிச்சு காஜா பெராங் வந்து உக்காந்திருக்கீங்கன்னா விஷயம் பெருசுதான். இந்தக் கட்டுரை தேறலன்னா சர்ட்டிபிகேட் இல்ல. சர்ட்டிபிகேட் இல்லன்னா தற்காலிக வாத்தியாராவே தலை நரைச்சுப் போகணும். இங்க இருக்கிற அஞ்சு வயித்துக்கும் அந்தச் சம்பளம்தான். எனக்குத் தெரியாதா.

இது மொதல்ல வந்த வாரப் பத்திரிகையையும் கையோட கொண்டாந்துட்டீங்களா? காட்டுங்க. ரெண்டையும் பக்கத்துல பக்கத்துல வைங்க. ஆமா சார், அப்படியே இறக்கியிருக்காரு. இல்ல இல்ல, பாவம், பாடுபட்டுத்தான் இருக்காரு. குழந்தைங்கிறத மழலைன்னு மாத்தியிருக்காரு. பக்கத்து வீட்டு அம்மாங்கிறத அண்டை இல்லத்து அன்னைன்னு ஆக்கிட்டாரு. எல்லாத்தையும் மாத்துன மனுஷன் பாலை மட்டும் விட்டுட்டாரு பாருங்க. கை எழுதியிருக்கும், காது ரேடியோவுல இருந்திருக்கும்.

வார்த்தைய மாத்தி எழுதுனாலும் திருட்டுதான்னு வகுப்புல சொன்னீங்களா? இவரு அன்னிக்குத் தூங்கியிருப்பாரு. கொடியில காயுற அடுத்தவன் சட்டைய உருவி, பொத்தான மட்டும் மாத்தித் தச்சுப் போட்டுக்கிட்டா அது நம்ம சட்டையாயிருமா? இன்னார் இப்படிச் சொல்லியிருக்காங்க, இந்தப் பத்திரிகையில வந்துச்சு, அதப் பத்தி நான் நெனைக்கிறது இதுன்னு எழுதியிருந்தா என்ன கொறைஞ்சிரும்? இன்னும் மரியாதையா இருந்திருக்கும். ஆனா அடுத்தவங்க பேர எழுதுனா தன் பேரு சின்னதாயிரும்னு ஆம்பளைங்களுக்கு ஒரு பயம் சார்.

இது இவருக்குப் புதுசும் இல்ல. நாட்டுக்குச் சுதந்திரம் கெடச்ச மெர்டேக்கா விழா அன்னிக்குக் கோயில் மண்டபத்துல இவரு பேசுறதா இருந்துச்சு. ஒரு வாரமா அந்தக் கண்ணாடி முன்னால கையக் கைய ஆட்டிக்கிட்டு நின்னாரு. எழுந்திடு தமிழான்னு ஆரம்பிக்கும் அந்தப் பேச்சு, ஏதோ பேப்பர்ல வந்தது. இவருக்கு முன்னால கணக்கு எழுதுற கிராணியார் கலியாணசுந்தரத்தக் கூப்பிட்டாங்க. அவரு மைக்கப் பிடிச்சு எழுந்திடு தமிழான்னாரு. அவரும் அதே பேப்பர்தானே வாங்குறாரு. வரிக்கு வரி அதே. அடுத்து இவரு ஏறி நின்னு, தொண்ட கட்டிருச்சுன்னு சைகை காட்டிட்டு இறங்கிட்டாரு. கூட்டம் பாவம்னுச்சு. நான் முந்தானைய வாயில வச்சு அடைச்சுக்கிட்டேன்.

ஒண்ணு கேட்டாத் தப்பா நெனைக்க மாட்டீங்களே? நீங்க வகுப்புல நோட்ஸ் சொல்றீங்களாம், இவங்கல்லாம் எழுதிக்கிறாங்களாம். அது மெட்ராஸ்லேருந்து வர்ற புத்தகத்துல இருக்கிறதுதான்னு இவரு சொன்னாரு. அந்தப் புத்தகத்த எழுதுனவரு பேர என்னைக்காவது சொல்லியிருக்கீங்களா? சும்மா கேட்டேன் சார். காப்பி ஆறுது, குடிங்க.

கட்டுரை என்னமோ நல்ல கட்டுரைதான்னு நீங்களே சொல்றீங்க. அப்படியா? எது பிடிச்சிருந்துச்சு உங்களுக்கு? அந்தப் பக்கத்து வீட்டுச் செட்டி அம்மா வர்ற இடமா. ஆமா, நம்ம மாரியம்மனத்தான் அவங்களும் கும்பிடுறாங்க, தலைமுறை தலைமுறையா இங்கயே இருந்து பேசுறது மலாயா ஆயிருச்சு. அவங்க இடுப்புலயே வளந்த பிள்ளை, பால் வேணும்னா மலாய்ல சூசுன்னுதான் மொதல்ல கேட்டுச்சு. பெத்தவ மடியில படுத்துக்கிட்டே அடுத்த வீட்டு பாஷையில கேட்டுச்சு. அந்தப் பிள்ளைதான் நாளைக்குப் பள்ளிக்கூடத்துக்கு வருது, அதப் போயித் தமிழ் தெரியலன்னு பிரம்பால அடிக்காதீங்க, ரெண்டு பாஷை தெரிஞ்சு வந்த பிள்ளை அதுன்னு எழுதியிருக்கு. சரிதானே சார். வாத்தியார்மாருக்குத் தெரிய வேண்டியதுதான்.

இல்ல, எனக்கு மனப்பாடம்லாம் இல்ல. இவரு படிச்சுக் காட்டுனாரு. பத்திரிகை வந்த அன்னிக்கு, நான் மீன் கழுவிக்கிட்டு இருக்கேன், பின்கட்டு வரைக்கும் வந்து நின்னு சத்தமாப் படிச்சாரு. படிச்சு முடிச்சிட்டு என்ன சொன்னாரு தெரியுமா? இத எழுதுன ஆற்றங்கரையாளும் ஒரு பொம்பள, நீயும் ஒரு பொம்பள. இவ எப்படி யோசிக்கிறா பாரு, உனக்கு மீனுல உப்பு போடவே ரெண்டு தடவ சொல்லணும். அப்படின்னாரு. நான் செதிலத் தேய்ச்சுக்கிட்டே இருந்தேன். அன்னிக்கு வந்த ஆத்திரம் இன்னும் அடங்கல சார்.

ஓ, அந்தம்மாவத் தேடித்தான் வந்தீங்களா. பத்திரிகை ஆபீஸ்ல தாவூத் பாய் சாமான் கடை விலாசத்தத்தான் கொடுத்தாங்களா? பாய் என்ன சொன்னாரு? காஜா பெராங் பக்கம்தான், மத்தது தெரியாதுன்னாரா. நல்ல மனுஷன். வாக்குக் கொடுத்தாக் காப்பாத்துவாரு.

அவங்க புகார் கொடுக்கலன்னா, இவரு தானா திருத்தி எழுதி, யாருகிட்டேருந்து எடுத்ததுன்னு ஒழுங்காப் போட்டா, நீங்க மேலிடத்துக்கு எழுதாம விட்டுருவீங்க. அவங்க புகார் கொடுத்தா இவரு கதை முடிஞ்சுது. அப்படித்தானே? நல்ல மனசு சார் உங்களுக்கு. நெசமாத்தான் சொல்றேன்.

அவங்க கோவப்படுவாங்களான்னு கேக்குறீங்க. கோவம் இல்லாம இருக்குமா. பிள்ளை தூங்குற நேரத்துல, அரிசி பொடைக்கிற நேரத்துல, யோசிச்சு யோசிச்சு எழுதுனது. எழுதினேன்னு வாயத் தொறந்து சொல்றதுக்குள்ள, உனக்கு உப்பு போடத் தெரியுமான்னு கேட்டாச்சு. சரி போகுதுன்னு இருந்தா, அதையே எடுத்துத் தான் பெத்துப் பால் கொடுத்த மாதிரி எழுதிக் கொடுத்திருக்காரு. நீங்க வந்து சொல்லித்தானே சார் எனக்கே தெரியுது, நான் எழுதுனதத்தான் திருடியிருக்காருன்னு.

ஆமா சார், நான்தான். பாத்துக் குடிங்க, சட்டையில சிந்திருச்சு. இந்தாங்க துண்டு.

அவருக்குத் தெரியாது. நீங்களும் சொல்லாதீங்க, நானே சொல்லிக்கிறேன். புகார் எல்லாம் கொடுக்கல, எங்க வீட்டுச் சோத்துல நானே மண்ணப் போட்டுக்குவேனா. திருத்தி எழுதட்டும். ஆனா ஆற்றங்கரையாள்னு போட்டாப் போதாது. அது பத்திரிகைக்கு வச்ச பேரு. என் மனைவின்னு போட்டாருன்னா, அப்பவும் திருப்பிக் கொடுத்துருங்க. மனைவின்னு போட்டா, அதுவும் அவரு வீட்டுச் சாமான்தானேன்னு படிக்கிறவங்க நெனைச்சுக்குவாங்க.

பாக்கியலட்சுமின்னு எழுதணும். கல்யாணம் ஆனதுலேருந்து ஏய், இந்தாங்கிறதத் தவிர அந்த வாயில ஒரு பேரும் வந்ததில்ல. வாயால சொல்ல வேண்டாம், கையால எழுதட்டும், எல்லாரும் படிக்கிற மாதிரி. எழுதலன்னா பெயிலாக்கிடுங்க சார். இவ்வளவு நாள் தற்காலிகச் சம்பளத்துல ஓட்டினவ, இன்னும் கொஞ்ச நாள் ஓட்டிக்குவேன்.